"அப்படி ஒருவரை நாங்கள் பிடிக்கவில்லை" – ஆட்கொணர்வு மனுவுக்கு வேண்டிய ஆதாரம்

இலங்கையில், பிடித்துச் சென்ற ஒருவரை முன்னால் கொண்டுவரச் சொல்லி நீதிமன்றத்தைக் கேட்பதுதான் ஆட்கொணர்வு மனு. அதைப் போட்டால் எதிர்த்தரப்பிலிருந்து முதலில் வரும் பதில் பெரும்பாலும் இதுதான்: "அப்படி ஒருவரை நாங்கள் கைது செய்யவில்லை." இந்த ஒரு வரியை உடைக்க ஆதாரம் இல்லையென்றால், மனு எவ்வளவு நியாயமானதாக இருந்தாலும் அங்கேயே நின்றுவிடும்.

ஐயத்துக்கு இடமில்லாமல் நிரூபிக்க வேண்டும் என்று பயப்படாதீர்கள். அது குற்றவழக்குக்கான அளவுகோல். இன்னார்தான் கொண்டுபோயிருக்க வேண்டும் என்று நீதிமன்றம் நம்பக்கூடிய அளவுக்குக் காட்டினால், அதற்குப் பிறகு ஆள் எங்கே என்று பதில் சொல்ல வேண்டியவர்கள் அவர்கள்.

மனுவோடு இணைக்கும் சத்தியக்கடதாசியில்தான் (சத்தியம் செய்து கையொப்பமிடும் எழுத்துச் சாட்சியம்) பல மனுக்கள் பழுதாகின்றன. அம்பாறை மாவட்டத்துத் திருக்கோவில் என்ற ஊர்ப் பக்கமிருந்து வந்த ஒரு தாய், மகனைப் பிடித்ததைத் தான் கண்ணால் கண்டதாக எழுதச் சொன்னார். அந்த நேரம் அவர் வயலில். பார்த்தது பக்கத்து வீட்டுப் பெண். குறுக்கு விசாரணையில் இது வெளிப்பட்டால் தாயின் மற்ற உண்மைகளும் சேர்ந்து அடிபட்டுப் போகும். ஆகவே தாயின் கடதாசியில் அவர் அறிந்ததை மட்டும் வைத்தோம்: செய்தி வந்த நேரம், தேடிப்போன பொலிஸ் நிலையம், வாசலில் நின்றவர் சொன்ன வார்த்தை. பக்கத்து வீட்டுப் பெண் தனியாக ஒன்று தந்தார். மகனை ஏற்றிய வான் வண்டியின் இலக்கத்தகட்டில் கடைசி நான்கு இலக்கங்களைப் பிள்ளையின் கொப்பிப் பின்மட்டையில் அன்றைக்கே குறித்து வைத்திருந்தார். அந்தக் கொப்பியும் மனுவோடு போனது.

அன்றைக்கே எழுதியதற்கு உள்ள மதிப்பு, ஆறு மாதம் கழித்து ஞாபகத்தில் சொல்வதற்கு இல்லை. பொலிஸில் என்ட்ரி (முறைப்பாட்டுப் பதிவு) போட்டால் துண்டைக் கேட்டு வாங்குங்கள். போட மறுத்தால், பொறுப்பதிகாரிக்குப் பதிவுத் தபாலில் கடிதம் அனுப்பிப் பற்றுச்சீட்டைப் பத்திரப்படுத்துங்கள். போன் அழைப்புப் பதிவு, வாட்ஸ்அப் செய்தி, கடைக்காரரின் சிசிடிவி எல்லாம் உதவும். கமராப் பதிவு சில நாட்களில் அழிந்துவிடும் என்பதால் அதை முதலில் கேளுங்கள்.

மனித உரிமைகள் ஆணைக்குழுவுக்கும் (தொலைபேசி இலக்கம் 1996) உடனே அறிவியுங்கள். பயங்கரவாதத் தடைச் சட்டத்தில் ஒருவரைக் கைது செய்தால் 48 மணித்தியாலத்துக்குள் ஆணைக்குழுவுக்கு அறிவிக்க வேண்டும் என்று ஆணைக்குழுவுக்கான சட்டத்தின் 28 ஆம் பிரிவு சொல்கிறது. அறிவித்தல் போயிருந்தால் ஆள் யாரிடம் என்பது தெரியும். போகாவிட்டால் அதுவும் மனுவில் எழுத வேண்டிய விடயம்.

சிலவேளை "எங்களிடம்தான் இருக்கிறார்" என்று ஒப்புக்கொள்வார்கள். அப்போது கேள்வி மாறும்: எந்த அதிகாரத்தில்? சாதாரணச் சட்டத்தில் பிரயாண நேரம் நீங்கலாக 24 மணித்தியாலத்துக்குள் நீதவான் முன் நிறுத்த வேண்டும். தடுப்புக் காவல் உத்தரவு என்றால் பிரதியைக் கேளுங்கள். திகதி, கையொப்பம், தடுத்து வைக்கும் இடம் மூன்றையும் பாருங்கள். நீதவான் விளக்கமறியலில் (வழக்கு விசாரணைக்காக நீதிமன்ற உத்தரவில் சிறையில்) வைத்திருந்தால் பெரும்பாலும் பிணை விண்ணப்பம்தான் சரியான வழி.

கிழக்கு மாகாணத்துக்குள் தடுத்து வைத்திருந்தால் மாகாண மேல் நீதிமன்றத்துக்குப் போகலாம். அரசியலமைப்பின் 154P உறுப்புரை அதற்கு இடம் தருகிறது. கொழும்புக்கு மாற்றிவிட்டால் மேன்முறையீட்டு நீதிமன்றம். ஆகவே கடைசியாக எங்கே கண்டார்கள் என்பதற்கான சாட்சியே எந்த நீதிமன்றம் என்பதையும் முடிவுசெய்கிறது.

இதை அடிப்படை உரிமை மனுவோடு குழப்பிக்கொள்பவர்கள் அதிகம். அது 126 ஆம் உறுப்புரையின் கீழ் ஒரு மாதத்துக்குள் உயர் நீதிமன்றத்தில் போடுவது. அந்த ஒரு மாதத்துக்குள் ஆணைக்குழுவில் முறைப்பாடு செய்தால், அங்கு விசாரணை நிலுவையில் இருக்கும் காலம் கணக்கில் சேராது. ஆட்கொணர்வு மனுவுக்கு இப்படி ஒரு நாள் எல்லை சட்டத்தில் எழுதப்படவில்லை. அதற்காகத் தள்ளிப்போடாதீர்கள். சாட்சிகள் இடம்பெயர்வார்கள், வெளிநாடு போவார்கள், பயந்து வாய் மூடுவார்கள். கண்டவர் இன்று பேசத் தயார் என்றால் அவருடைய சத்தியக்கடதாசியை இன்றைக்கே எடுங்கள்.