ரேடியோவுக்குத் தெரிந்துவிட்டது, டிவிக்கு இன்னும் தெரியாது

வட கரோலினாவில் வேலை பார்க்கும் வாசகர் ஒருவர் கேட்டிருந்தார்: "எங்கள் ஆபீஸில் ஒரு பெரியவர், சேப்பல் ஹில் பல்கலைக்கழகக் கூடைப்பந்து அணியின் தீவிர ரசிகர். அந்தக் காலத்தில் டிவியின் சத்தத்தை அணைத்துவிட்டு, படத்தை டிவியிலும் வர்ணனையை ரேடியோவிலும் ரசிப்பார்களாம். நானும் செய்து பார்த்தேன். பந்து கூடையில் விழுந்ததை ரேடியோ சொல்லி, கூட்டம் கத்தி ஓய்ந்த பிறகுதான் டிவியில் அந்தப் பையன் எறிவதற்குக் கையையே தூக்குகிறான். ஏன் சார்?"

பெரியவர் கதை விடவில்லை. அவர் கேட்டது பெரும்பாலும் வுடி டர்ஹம் குரலாக இருக்கும். 1971 முதல் 2011 வரை 40 ஆண்டுகள் அந்த அணியின் ரேடியோ வர்ணனையாளர். டிவியில் பேசுகிறவர்கள் நாடு முழுவதற்கும் பொதுவானவர்கள், இரண்டு அணிக்கும் நடுவில் நின்று பேச வேண்டியவர்கள். ரேடியோக்காரர் நம்ம ஊர் ஆள். அதோடு அவருக்குப் படத்தின் துணை கிடையாது. பந்து யார் கையில், எந்த மூலையில், எத்தனை நொடி மீதி என்று வாய் ஓயாமல் சொல்லியாக வேண்டும். அந்தப் பேச்சோடு படமும் சேர்ந்தால் இலை நிறையச் சாப்பாடுதான்.

1982 தேசியக் கல்லூரிக் கூடைப்பந்து இறுதி ஆட்டத்தை எடுத்துக்கொள்ளுங்கள். நியூ ஆர்லியன்ஸில் ஜார்ஜ்டவுன் அணிக்கு எதிராக, சுமார் 17 நொடி மீதமிருக்கும்போது மைக்கேல் ஜோர்டான் என்ற முதலாண்டு மாணவர் எறிந்த பந்தில் 63-62 என்று கோப்பை வந்தது. அன்றைக்கு டிவி, ரேடியோ இரண்டுமே அனலாக். கேமராவில் விழுந்த ஒளி அப்படியே மின்னலையாகிப் போய்க்கொண்டே இருக்கும், வழியில் எங்கும் உட்காராது. 36,000 கிலோமீட்டர் உயரத்திலிருக்கும் செயற்கைக்கோள் வழியாகப் போனால்கூட ஏறி இறங்கக் கால் நொடி போதும்.

இந்தச் சின்ன இடைவெளி பிசகினாலும் மூளை ஓரளவு பொறுத்துக்கொள்ளும், ஆனால் ஓரவஞ்சனையோடு. சத்தம் படத்துக்குப் பின்னால் 125 மில்லிநொடி (நொடியில் ஆயிரத்தில் ஒரு பங்கு ஒரு மில்லிநொடி) வரை வந்தால் பெரும்பாலும் நமக்குத் தெரியாது. முன்னால் வந்தாலோ, 45 மில்லிநொடியிலேயே ஏதோ சரியில்லை என்று பட்டுவிடும். இயற்கையில் சத்தம் எப்போதும் தாமதமாகத்தானே வருகிறது? 28.65 மீட்டர் நீளக் கூடைப்பந்துத் தளத்தின் மறு முனையில் பந்து தரையில் மோதினால், சத்தம் இந்த முனைக்கு வரவே 80 மில்லிநொடிக்கு மேல் ஆகிவிடும். முன்கூட்டி வரும் சத்தத்துக்கு நம் மூளை பழகவே இல்லை.

சரி, இப்போது டிவி ஏன் இப்படிப் பின்தங்குகிறது? தூரம் அல்ல காரணம், சுருக்கம். ஒரு எச்.டி. படத்தை அப்படியே அனுப்ப நொடிக்கு ஏறக்குறைய 150 கோடி பிட், அதாவது 0 அல்லது 1 என்ற குறிகள், வேண்டும். அமெரிக்காவில் ஒரு டிவி சேனலின் டிஜிட்டல் அலைவரிசை தாங்குவது 2 கோடிக்கும் கீழே. எழுபது மடங்குக்கு மேல் பிழிய வேண்டும்.

பிழிவதன் முதல் படி டி.சி.டி. என்ற கணித முறை. பள்ளிக்கூடத்து கொசைனேதான், அதை விளக்கி நேரத்தைப் போக்கவில்லை. ஆனால் ஒன்றைச் சொல்லாமல் இருக்க முடியவில்லை. இதைக் கண்டுபிடித்த நசீர் அகமது பெங்களூரில் பிறந்தவர், கன்சாஸ் மாநிலப் பல்கலைக்கழகத்தில் பேராசிரியராக இருந்தவர். 1972-இல் இந்த யோசனைக்காக அமெரிக்க தேசிய அறிவியல் அறக்கட்டளையிடம் நிதி கேட்டார். கிடைக்கவில்லை. யோசனை மிகவும் எளிமையாக இருக்கிறது என்று ஒரு மதிப்பீட்டாளர் கருதினாராம்! 1973 கோடையில் அவரே உட்கார்ந்து வேலையைத் தொடர்ந்தார். நடராஜன், கே.ஆர்.ராவ் ஆகியோருடன் சேர்ந்து எழுதிய கட்டுரை 1974-இல் வெளிவந்தது. இன்று நம் போனிலிருக்கும் ஜேபெக் படங்களெல்லாம் அந்த 'எளிமை'யில்தான் ஓடுகின்றன. நிதிக் குழுக்களில் உட்காருகிறவர்கள் இந்தக் கதையை மேஜைக் கண்ணாடிக்கு அடியில் செருகி வைத்துக்கொள்ளலாம்.

தாமதத்தைக் கொண்டுவருவது அடுத்த படி. எனக்கு ரொம்பப் பிடித்த இடமும் அதுதான்.

டிவி படம் என்பது வேகமாக மாறும் அசையாப் படங்களின் வரிசை, ஒவ்வொன்றும் ஒரு ஃப்ரேம். அடுத்தடுத்து நான்கு ஃப்ரேம்களை எடுத்துக்கொள்ளுங்கள். தரையில் அணியின் பெயர் பெரிதாக எழுதியிருக்கிறது. கறுப்பு வெள்ளைக் கோடு போட்ட சட்டையில் நடுவர் அதில் ஓர் எழுத்தை மறைத்துக்கொண்டு நிற்கிறார். இது ஃப்ரேம் 1. ஃப்ரேம் 2-இல் ஓர் அடி நகர்கிறார், எழுத்தின் ஓரம் தெரிகிறது. நடுவரின் உருவத்தை ஃப்ரேம் 1-இலிருந்தே எடுத்துச் சற்றுத் தள்ளி ஒட்டிக்கொள்ளலாம், பிட் செலவில்லை. ஆனால் இப்போது வெளியே வந்த எழுத்தின் ஓரத்துக்கு எங்கே போவது? முந்தைய படத்தில் அது இல்லவே இல்லை, நடுவரின் கால்தான் இருக்கிறது.

எங்கே இருக்கிறது? ஃப்ரேம் 4-இல். அதற்குள் அவர் முழுதாக விலகிவிடுவார், எழுத்து பளிச்சென்று தெரியும். எனவே படத்தைச் சுருக்கும் கருவி என்ன செய்கிறது என்றால், 2-ஐயும் 3-ஐயும் ஓரங்கட்டிவிட்டு 4 வரும்வரை காத்திருக்கிறது. முதலில் 1, அடுத்து 4. அப்புறம்தான் 2, 3. அந்த இரண்டுக்கும் அனுப்புவது பெரும்பாலும் குறிப்புகள்தான்: "நடுவரை 1-இலிருந்து எடுத்து வலப்பக்கம் நகர்த்து, தரையை 4-இலிருந்து எடு." உங்கள் டிவி வரிசையை மறுபடி சரிசெய்து காட்டுகிறது. ஜோசியர் இன்றைக்குக் கட்டத்தைப் பார்த்து நாளையைச் சொல்கிறார். இந்தக் கருவி நாளையைப் பார்த்துவிட்டு இன்றையைச் சொல்கிறது. சொன்னது தப்புவதே இல்லை. நாளை வரும்வரை காத்திருக்க வேண்டும், அவ்வளவுதான்.

இரண்டு மூன்று ஃப்ரேம் காத்திருப்பதால் ஒரு நொடியில் பத்தில் ஒரு பங்குதான் போகும். ஆனால் விளையாட்டு ஒரே சீராக நடப்பதில்லை. ஒருவர் ஃப்ரீ த்ரோ எறிய மற்றவர்கள் நின்று பார்க்கும்போது பிட் மிஞ்சுகிறது. பத்துப் பேரும் மறு முனைக்கு ஓட, கேமராவும் கூடவே திரும்பும்போது பிட் போதவில்லை. குழாயின் அகலமோ மாறாது. அதனால் தொட்டியில் நிரப்பிச் சீராக விட வேண்டியிருக்கிறது, அதற்கும் நேரம். அரங்கத்திலிருந்து தலைமை நிலையம், அங்கிருந்து கேபிள்காரர் என்று ஒவ்வொரு கட்டத்திலும் விரித்து மறுபடி சுருக்குகிறார்கள். எல்லாம் கூடிப் பல நொடிகள் ஆகிவிடுகின்றன. போனில் பார்ப்பவர் பாடு இன்னும் மோசம். படம் 6 நொடித் துண்டுகளாக வந்து, மூன்று துண்டு சேர்ந்த பிறகு ஓடுகிறது என்றால் அங்கேயே 18 நொடி போச்சு.

குரலுக்கு இந்த வம்பெல்லாம் இல்லை. ஆனால் அமெரிக்காவில் டிஜிட்டல் ஒலியையும் சேர்த்து அனுப்பும் சில எஃப்.எம். நிலையங்கள், இரண்டும் ஒத்துப்போக அனலாக் ஒலியை வேண்டுமென்றே சுமார் 8 நொடி பிடித்து வைக்கின்றன. ஆட்ட நேரத்தில் அந்தத் தாமதத்தை நீக்க ஒரு வசதி உண்டு, பெயரே 'பால் கேம் மோட்' (பந்தாட்ட முறை). அரங்கத்தில் டிரான்சிஸ்டரைக் காதில் வைத்திருப்பவர் குழம்பக் கூடாதே.

வாசகருக்கு வழி: ரேடியோவைத் தாமதப்படுத்தும் செயலிகள் கிடைக்கின்றன. உள்ளே நடப்பது குலைகுலையா முந்திரிக்கா விளையாட்டு. நினைவகக் கட்டங்கள் வட்டமாக உட்கார்ந்திருக்கும். ஒருவர் ஒலியை வைத்துக்கொண்டே முன்னால் ஓடுவார், இன்னொருவர் பத்து நொடி பின்னால் எடுத்துக்கொண்டே வருவார், ஆனால் பிடிக்கவே மாட்டார். பத்து நொடிப் பேச்சுக்குப் பத்து லட்சம் பைட்கூட வேண்டாம்.

இழுபறியான நேரங்களில் டர்ஹம் ரசிகர்களிடம் ஒன்று சொல்வார்: எங்கே போவீர்களோ அங்கே போங்கள், என்ன செய்வீர்களோ அதைச் செய்யுங்கள். அவரவர் ராசியான நாற்காலிக்குப் போய் உட்காரச் சொல்கிறார்! நமக்கும் புதிதா என்ன? நான் பார்த்தால் விக்கெட் விழும் என்று என்னை வாசல் திண்ணையிலேயே உட்கார வைத்த வீடு எங்கள் வீடு. அனலாக் காலத்தில் ஓடியவராவது நேரத்துக்குப் போய்ச் சேர்ந்தார். இப்போது டிவியைப் பார்த்துவிட்டு எழுந்து ஓடினால், நாற்காலியில் உட்காரும்போது பந்து கூடையில் விழுந்தே பத்து நொடி ஆகியிருக்கும்.