சிப்பாய் தொப்பி: நெற்றி சிவக்காமல், கழுத்து இறுகாமல்

ஜூலை 10 நெருங்கினால் வேலூர்ப் பக்கத்துப் பள்ளிகளில் சிப்பாய்ப் புரட்சி நாடகமும் மாறுவேடமும் களைகட்டும். பிள்ளைகள் வழக்கம்போல முதல் நாள் ராத்திரி ஒன்பது மணிக்குத்தான் "நாளைக்கு எனக்குத் தொப்பி வேணும்" என்பார்கள். அவசரத்தில் ஒரு அட்டையைச் சுருட்டி, ஸ்டேப்ளர் அடித்து, கறுப்பு எலாஸ்டிக் கட்டி அனுப்பிவிடுகிறோம். மேடையில் பிள்ளை வசனம் பேசாமல் நெற்றியைச் சொறிந்துகொண்டு நிற்பதற்குக் காரணம் பெரும்பாலும் கூச்சம் இல்லை, அந்தத் தொப்பியின் உள்பக்கம்.

எந்தத் தொப்பி என்பதை முதலில் தெளிவாக்கிக்கொள்வோம். 1805 நவம்பரில் கிழக்கிந்தியக் கம்பெனியின் மதராஸ் படையில் உடை விதிகள் மாறின. காதில் கடுக்கன், நெற்றியில் குறி, தாடி எதுவும் கூடாது; புது மாதிரித் தலைப்பாகைதான் அணிய வேண்டும். பார்வைக்கு அது ஐரோப்பியத் தொப்பி போலவே இருந்தது. முன்னால் தோலில் செய்த ஒரு வட்டப் பதக்கம் வேறு. தோல் என்றதும் இந்துக்கள், முஸ்லிம்கள் இரு தரப்புக்கும் சந்தேகம் எழுந்தது. மதம் மாற்றுவதற்கான முதல் படி இது என்ற அச்சமும் பரவியது. 1806 ஜூலை 10 விடிவதற்கு முன் வேலூர்க் கோட்டைக்குள் வெடித்த கலகத்துக்கு வேறு காரணங்களும் உண்டு. திப்புவின் பிள்ளைகளும் அப்போது அங்கேதான் காவலில் இருந்தார்கள். ஆனாலும் தலையில் வைக்கச் சொன்ன பொருள்தான் தீப்பொறி. அன்றைக்கே ஆற்காட்டிலிருந்து பிரிட்டிஷ் படை அதிகாரி கில்லெஸ்பி குதிரைப்படையோடு வந்து கலகத்தை அடக்கினார். பின்னர் அந்த உத்தரவு திரும்பப் பெறப்பட்டது.

ஆகவே நாடகத்தில் இரண்டு தலையணி தேவைப்படும். ஒன்று, சிப்பாய்களின் பழைய துணித் தலைப்பாகை. அதை நேராகத் தலையிலேயே சுற்றிவிடலாம். மற்றது, அவர்கள் பிடுங்கி வீசும் புதுத் தொப்பி. இங்கே சொல்லப்போவது இரண்டாவதைப் பற்றி. வீசப்படும் பொருள் என்பதால் அது இரண்டு ஒத்திகையும் ஒரு அரங்கேற்றமும் தாங்க வேண்டும். அருங்காட்சியகத்து நகல் தேவையில்லை. பத்தாவது வரிசையில் இருப்பவருக்குத் தெரிந்தால் போதும்.

அளவு

தையல் டேப்பைப் புருவத்துக்கு ஒரு விரல் மேலே வைத்து, காதுக்கு மேலாக, பின்மண்டை மேட்டைச் சுற்றி எடுங்கள். எட்டு வயதுப் பிள்ளைக்குச் சுமார் 52 செ.மீ. வரும். இரட்டைச் சடையோ கொண்டையோ மேடையில் இருக்கும் என்றால் அதைப் போட்ட பிறகுதான் அளவெடுக்க வேண்டும்.

இந்த 52-ஐ அப்படியே வெட்டுவதுதான் எல்லோரும் செய்யும் தவறு. உள்ளே வேர்வைப் பட்டை வைக்கப்போகிறோம். அது அரை செ.மீ. கனம் என்றால் வளையத்தின் உள்சுற்றளவில் 3 செ.மீ. போய்விடும். வட்டத்தின் கணக்கு அப்படி: கனம் எவ்வளவோ அதைப்போல ஆறு மடங்குக்கு மேல் குறையும். இத்துடன் தளர்வுக்கு 1 செ.மீ. சேர்த்தால் 56. ஒன்றன்மேல் ஒன்று ஏறி ஒட்ட 3 செ.மீ. ஆக அட்டைப் பட்டையின் நீளம் 59 செ.மீ., உயரம் 12 செ.மீ. உயரத்தைக் கூட்ட ஆசை வரும். 15-க்கு மேல் போனால் தலை குனியும்போது தொப்பி முன்னால் சாய்ந்து கண்ணை மறைக்கும்.

அட்டையும் அதன் வரியும்

மளிகைக் கடையில் கிடைக்கும் மூன்றடுக்கு அட்டைப் பெட்டி போதும். அதன் உள்ளே அலை அலையாக ஓடும் வரிகளைப் பாருங்கள். தொப்பி நிமிர்ந்து நிற்கும்போது அந்த வரிகள் மேலிருந்து கீழாக ஓட வேண்டும். அப்போதுதான் பட்டை அழகாக வளையும். வரி படுக்கை வாட்டத்தில் இருந்தால் வளைக்கும்போது அங்கங்கே 'டப் டப்' என்று ஒடிந்து, வட்டம் வராமல் எண்கோணம் வரும். அந்த ஒடிவுகள்தான் பிறகு நெற்றியில் குத்துபவை. வெட்டியதும் பட்டையை மேசை விளிம்பில் வைத்து, உள்ளங்கையால் அழுத்தி இரண்டு மூன்று முறை இழுத்தெடுங்கள். அட்டை பழகிவிடும்.

ஆம்பூர், ராணிப்பேட்டை, பேர்ணாம்பட்டு பக்கம் இருப்பவர்களுக்கு இன்னொரு வசதி உண்டு. செருப்பு, ஷூ வேலையில் மிஞ்சும் ஃபோம் ஷீட் துண்டுகள். 4 அல்லது 5 மி.மீ. கனத்தில் கிடைத்தால் அட்டையை விட அதுவே நல்லது. எடை குறைவு, தூக்கி எறிந்தாலும் நசுங்காது. ஆனால் ஷீட்டோடு சேர்த்து அந்தப் பட்டறையின் சொல்யூஷனையும் கேட்டு வாங்கிவராதீர்கள். அந்தப் பசையிலிருந்து எழும் ஆவி பூட்டிய அறையில் தலைவலி, மயக்கம் வரை கொண்டுபோகும், தீப்பிடிக்கவும் கூடியது. ஒட்டிய பிறகும் நாற்றம் இரண்டு மூன்று நாள் நிற்கும். அது பிள்ளையின் மூக்குக்கு ஒரு சாண் தூரத்தில் இருக்கப்போகிற பொருள்.

பட்டையின் மேல் விளிம்பிலிருந்து 8 செ.மீ. ஆழத்துக்கு நான்கு கீறல் போடுங்கள், சம இடைவெளியில். கட்டரைப் பெரியவர்கள் பிடிக்கட்டும். வளையத்தை ஒட்டியபின் ஒவ்வொரு கீறலையும் மேலே 1 செ.மீ. விரித்து, பின்பக்கம் அட்டைத் துண்டு வைத்து ஒட்டினால் தொப்பி மேலே லேசாக அகன்று நிற்கும். நேர் குழாயாக விட்டால் பெயின்ட் டப்பாவைக் கவிழ்த்தது போல இருக்கும். அந்த நாலு கீறல்தான் தோற்றத்தையே மாற்றுகிறது.

மனிதத் தலை வட்டம் இல்லை, முட்டை வடிவம். முன்பின் நீளம் பக்கவாட்டு அகலத்தைவிட 3 செ.மீ. போலக் கூடுதல். பசை ஈரமாக இருக்கும்போதே வளையத்தின் இரு பக்கமும் கனமான புத்தகம் அணைத்து வைத்து ஒரு ராத்திரி விட்டால் அந்த வடிவம் நிலைத்துவிடும். இதைச் செய்யாத தொப்பி நெற்றியையும் பின்மண்டையையும் அழுத்தி, காதுப் பக்கம் ஓட்டையாக நிற்கும். மேல்மூடிக்குக் கணக்குப் போட்டு வட்டம் வெட்டாமல், காய்ந்த வளையத்தை அட்டைமேல் கவிழ்த்து அதன் வாயைச் சுற்றி வரைந்து வெட்டுங்கள். அந்த மூடிமேல் சுற்றிலும் 1.5 செ.மீ. பெரிதான சார்ட் தாளை ஒட்டி, வெளியே நீட்டும் விளிம்பை 2 செ.மீ.க்கு ஒரு வெட்டாக வெட்டி, பற்களைக் கீழே மடித்து வளையத்தின் வெளிப்பக்கம் ஒட்டிவிடலாம். மூடியில் பென்சில் நுழையும் அளவுக்கு ஐந்தாறு ஓட்டை. வேலூர் ஜூலைக்கு அது வேண்டும். மேலே துணி வரும்போது ஓட்டை தெரியாது, காற்று மட்டும் போகும்.

பசை விஷயம்

வெள்ளைப் பசை மெதுவானது, ஆனால் பாதுகாப்பானது. மெல்லிசாகத் தடவி, துணி கிளிப் போட்டு அரை மணி நேரம் பிடித்து, ஒரு ராத்திரி காயவிட வேண்டும். அதிகம் தடவினால் பலம் கூடும் என்பது தவறான எண்ணம். அட்டை ஊறிச் சொதசொதவென்று ஆகிவிடும்.

வீட்டில் மைதாப் பசை காய்ச்சினால் சரி, ஆனால் பூச்சி வராமல் இருக்க மயில்துத்தம் போடும் பழைய வழக்கம் இங்கே வேண்டாம். அது விஷம், வேர்வையோடு நெற்றியில் இறங்கும், பிள்ளை அந்தக் கையாலேயே வாயைத் துடைக்கும்.

க்ளூ கன் வேகமானது, அதே அளவுக்கு ஆபத்தானது. உருகிய பசை 150 டிகிரி செல்சியஸைத் தாண்டும். தோலில் பட்டால் ஒட்டிக்கொண்டு சுட்டுக்கொண்டே இருக்கும். பட்டுவிட்டால் பசையைப் பிய்க்காதீர்கள், தோலும் சேர்ந்து வரும். குழாய்த் தண்ணீரில் 20 நிமிடம் காட்டுங்கள். ஐஸ், டூத் பேஸ்ட், மஞ்சள், இங்க் எதுவும் வைக்கக் கூடாது. கொப்புளம் பெரிதாக இருந்தாலோ, பட்ட இடம் முகமாக இருந்தாலோ மருத்துவரிடம் போக வேண்டும். பிள்ளைகள் கையில் கன்னைக் கொடுப்பதற்குப் பதிலாக துணி மடிக்கும் வேலையைக் கொடுக்கலாம்; அதுதான் உண்மையில் இரண்டு கை கூடுதலாகத் தேவைப்படும் வேலை.

ஸ்டேப்ளர் அடித்தே ஆகவேண்டும் என்றால் பின்னின் இரு கால்களும் வெளிப்பக்கம் மடங்கும்படி அடித்து, மேலே துணி டேப் ஒட்டுங்கள். உள்ளிருந்து வெளியே அடிப்பது கைக்கு வசதிக் குறைவு. அதனால்தான் பாதிப் பேர் வெளியிலிருந்து அடித்து, முனையைப் பிள்ளை நெற்றிக்கு விட்டுவிடுகிறார்கள்.

உள்பக்கம்

நம் பக்கத்துக் கூத்துக்காரர்களைப் பாருங்கள். ராத்திரி முழுக்க ஆட வேண்டியவர்கள். மரக் கிரீடத்தை வெறும் தலையில் வைப்பதில்லை. தலையில் முதலில் துணியை இறுகச் சுற்றிக்கொண்டு அதன்மேல்தான் கட்டுகிறார்கள். பாரத்தைத் தாங்குவதும் வழுக்காமல் பிடிப்பதும் வேர்வையைக் குடிப்பதும் அந்தத் துணியே. பள்ளித் தொப்பிக்கு அதே வேலையைச் செய்வது வேர்வைப் பட்டை.

பழைய துண்டிலோ பருத்திப் பனியனிலோ 10 செ.மீ. அகலப் பட்டை வெட்டி, அரை செ.மீ. கனம் வரும்படி மடித்து, கீழ் விளிம்பிலிருந்து அரை செ.மீ. வெளியே தொங்கும்படி உள்ளே பொருத்துங்கள். அட்டை விளிம்பு தோலில் படாமல் இருக்க அந்த அரை செ.மீ. முக்கியம். பசை போட்டு ஒட்டினால் காய்ந்தபின் விறைத்துச் சொரசொரக்கும். நான்கு இடத்தில் கோணி ஊசியால் தையல் போடுவதே நல்லது. அப்படிச் செய்தால் பட்டையைக் கழற்றித் துவைக்கவும் முடியும். ஒரே தொப்பியை மூன்று பிள்ளைகள் மாற்றி மாற்றிப் போடுவது ஒத்திகையில் சகஜம். ஆளுக்கொரு பட்டை வைத்துவிட்டால் பேன் பரவும் வாய்ப்பாவது குறையும். வாடகைக்கு எடுக்கும் தொப்பிகளிலும் முதலில் பார்க்க வேண்டிய இடம் இதுதான், ஜரிகை அப்புறம்.

தாடைக்கு எலாஸ்டிக் வேண்டவே வேண்டாம். மெல்லிய எலாஸ்டிக் தோலை அறுக்கும், இழுத்து விட்டால் கண்ணில் அடிக்கும். ஒத்திகை இடைவேளையில் பிள்ளை சறுக்குமரத்தில் ஏறி அது எங்காவது மாட்டினால் கழுத்தை இறுக்கும். அளவு சரியாக இருந்தால் கயிறே தேவைப்படாது. ஓடும் காட்சி இருந்தால் மட்டும் 2 செ.மீ. பருத்தி நாடா இரண்டு துண்டு வைத்து, நடுவில் வெல்க்ரோ போடுங்கள். வெல்க்ரோவை 2 செ.மீ.க்கு மேல் வைக்காதீர்கள். ஒரு இழுப்பில் விட்டுவிட வேண்டும்.

துணியும் பதக்கமும்

மூடிக்கும் மேல் விளிம்புக்கும் கறுப்பு லைனிங் துணி. கீழே சுற்றுவதற்குக் குடியாத்தம் லுங்கித் துணி நன்றாக அமையும். பருத்தி, மடிப்பு நிற்கும். 20 செ.மீ. அகலத்தில் கிழித்து, நான்காக மடித்தால் 5 செ.மீ. பட்டி. நீளம் இரண்டரை மீட்டர் வேண்டும், அதனால் இரண்டு துண்டை இணைக்க நேரும். இணைப்பைப் பின்பக்கம் வரும்படி பார்த்துக்கொள்ளுங்கள். சாதக் கஞ்சியில் நனைத்து, அரை ஈரத்தில் இஸ்திரி போட்டால் மடிப்பு கத்தி முனை போல நிற்கும். ஒவ்வொரு சுற்றும் முந்தியதைவிட ஒன்றரை செ.மீ. மேலே ஏறும்படி நான்கு சுற்று. பசை வேண்டாம், துணியில் ஊறி வெளியே கறை தெரியும். நாலு பக்கமும் ஒவ்வொரு தையல் போதும்.

முன்னால் வரும் பதக்கம் 6 செ.மீ. வட்டம். பட்டறைத் தோல் துண்டு கிடைத்தால் நிஜத் தோலிலேயே வெட்டலாம், இல்லையென்றால் கறுப்பு ரெக்சின். இதை ஒட்டிவிடாமல் வெல்க்ரோ வைத்துப் பொருத்துங்கள். சிப்பாய் அதைப் பிய்க்கும்போது மைக் பக்கத்தில் இருந்தால் 'சர்ர்' என்ற சத்தம் கடைசி வரிசைக்கும் கேட்கும். நாடகத்தின் முழு விஷயமும் அந்த ஒரு சத்தத்தில் இருக்கிறது.

மேலே குஞ்சம் வைக்க ஈர்க்குச்சியோ கம்பியோ கூடாது, பக்கத்துப் பிள்ளையின் கண் உயரத்தில் நிற்கும் பொருள் அது. கழுவாத கோழி இறகும் ஆகாது. க்ரேப் தாளை நறுக்கி ஸ்ட்ராவைச் சுற்றி 10 செ.மீ. உயரத்தில் வைத்தால் போதும். அதோடு மேடையில் குத்துவிளக்கு ஏற்றியிருந்தால் தொப்பி போட்ட பிள்ளைகளை இரண்டு கை தூரம் தள்ளி நிறுத்துங்கள். க்ரேப் தாள், பஞ்சு, தெர்மாகோல் மூன்றும் பொறி பட்டாலே போதும்.

வண்ணம் தேவைப்பட்டால் அக்ரிலிக். போஸ்டர் கலர் வேர்வையில் கரைந்து நெற்றியில் கோடு போடும். பரணில் கிடக்கும் பழைய எனாமல் டப்பாவைத் திறக்காதீர்கள்: வீட்டு பெயின்டில் ஈயம் 90 பிபிஎம்-க்கு (பத்து லட்சத்தில் 90 பங்கு) மேல் கூடாது என்ற விதி நடைமுறைக்கு வந்தது 2017 நவம்பரில்தான், அதற்கு முந்தைய டப்பாவில் எவ்வளவு இருக்கும் என்று சொல்ல முடியாது. மினுக்குப் பொடி கண்ணில் விழுந்தால் கசக்கக் கூடாது, தண்ணீர் விட்டுக் கழுவ வேண்டும்.

முடித்ததும் சமையலறைத் தராசில் வையுங்கள். 150 கிராமுக்குள் இருக்க வேண்டும். 200-ஐத் தொட்டால் பதக்கத்தையும் குஞ்சத்தையும் குறைக்கப் பாருங்கள். பிறகு பிள்ளைக்குப் போட்டு, ஃபேனை அணைத்து, இருபது நிமிடம் வசனம் சொல்ல வையுங்கள். கழற்றி நெற்றியைப் பாருங்கள். சுற்றிலும் ஒரே சீராக லேசான தடம் என்றால் கவலையில்லை. ஒரே இடத்தில் சிவந்திருந்தால் அந்த இடத்துக்கு நேர் உள்ளே விரலை விட்டுத் தடவுங்கள். ஒரு பசைக் கட்டியோ அட்டை ஒடிவோ தட்டுப்படும். அதைக் கரண்டிக் காம்பால் அழுத்தித் தட்டையாக்கி, மறுபடி ஒருமுறை போட்டுப் பாருங்கள்.