குழைக்காமல் கலக்கும் நிறங்கள்

மஞ்சளையும் நீலத்தையும் தட்டில் குழைத்தால் பச்சை வரும். சரி, குழைக்காமல் இரண்டையும் பொடிப்பொடித் தீற்றல்களாகக் கித்தானில் நெருக்கி வைத்துவிட்டு, தள்ளிப் போய் நின்று பார்த்தால்? அப்போதும் பச்சைதான் என்று பலரும் நினைப்பார்கள். பெரும்பாலும் தெரிவது ஒருவிதச் சாம்பல்.

குழைத்த வண்ணத்தில் ஒவ்வொரு நிறமியும் ஒளியில் ஒரு பங்கை விழுங்கிவிடும். மஞ்சள் நீல ஒளியை விழுங்கும், நீலம் சிவப்பை விழுங்கும். இரண்டிடமும் தப்பிப்பது பச்சை. இன்னும் இரண்டு நிறங்களைச் சேர்த்தால் தப்பிக்க எதுவும் மிஞ்சாது, தட்டில் சேறுதான். தூரிகை பிடித்த எல்லோரும் பட்ட பாடு இது. தனித்தனித் தீற்றல்கள் ஒன்றின் ஒளியை மற்றொன்று விழுங்குவதில்லை. இரண்டின் ஒளியும் கண்ணுக்கு வந்து விழித்திரையில் கலக்கின்றன. கிடைப்பது இரண்டின் சராசரி. புள்ளி வைத்தால் நிறம் பன்மடங்கு ஒளிரும் என்று சொல்வதெல்லாம் மிகை. சேறாகாமல் தப்புகிறது, அவ்வளவுதான். ஆனால் அதுவே பெரிய லாபம்.

எவ்வளவு தள்ளி நிற்க வேண்டும்? நல்ல பார்வையுள்ள கண், ஒரு பாகை (டிகிரி) கோணத்தில் 60-இல் ஒரு பங்கு வரை பிரித்தறியும். அந்தக் கணக்கில் 1 மில்லிமீட்டர் புள்ளிகள் ஏறத்தாழ மூன்றரை மீட்டருக்கு அப்பால்தான் ஒன்றாகக் கலக்கும்.

பிரெஞ்சு ஓவியர் ஜார்ஜ் சூரா 1884-இல் தொடங்கி 1886-இல் காட்சிக்கு வைத்த 'கிராந்த் ஜாத்' ஓவியம் 2 மீட்டர் உயரம், 3 மீட்டர் அகலம். அதன் முன் சாதாரணமாக நிற்கும் தூரத்தில் பல தீற்றல்கள் முழுதாகக் கலப்பதே இல்லை. இதைக் குறை என்பவர்கள் உண்டு. எனக்கு அதுதான் அதன் அழகு: கலந்தும் கலவாமலும் இருப்பதால் பரப்பு மினுமினுக்கிறது.

கலக்காத புள்ளிகளுக்கு இன்னொரு வேலையும் உண்டு. பாரிஸின் கோப்லான் திரைச்சீலை ஆலையில் கறுப்பு நூல் மங்கலாக இருப்பதாகப் புகார் வந்தபோது, வேதியியலாளர் மிஷேல் ஷெவ்ரல் சாயத்தைச் சோதித்தார். சாயத்தில் பழுதில்லை, பக்கத்து நூலின் நிறம்தான் கறுப்பை மங்கலாகக் காட்டியிருந்தது. 1839-இல் இதை விதியாகவே எழுதினார். ஆரஞ்சுக்குப் பக்கத்தில் வைத்த நீலம் இன்னும் நீலமாகத் தெரிவதும் இதனால்தான்.

சிக்கல் என்னவென்றால், வரைபவர் நிற்பது கையெட்டும் தூரத்தில். அங்கிருந்து பார்த்தால் புள்ளிகள் மட்டுமே தெரியும். அதனால்தான் நாலு தீற்றல் வைத்ததும் பின்னால் நடந்து போய்ப் பார்த்துவிட்டுத் திரும்பி வருகிறார்கள்.