பொலிஸ் காவலா, பொலிஸ் பாதுகாப்பா?

சென்ற கிழமை திருகோணமலை பஸ் நிலையத்தடித் தேநீர்க்கடையில் பத்திரிகை ஒன்று விரிந்து கிடந்தது. கேரளச் செய்தி: ‘தொழிற்சங்கப் பிணக்கு: நிறுவனத்துக்குப் பொலிஸ் காவல் வழங்க உயர் நீதிமன்றம் உத்தரவு.’ பக்கத்தில் இருந்த லொறிக்கார அண்ணர் அதை வாய்விட்டு வாசித்துவிட்டுக் கேட்டார்: “ஆரைத் தம்பி உள்ளுக்குப் போட்டவங்கள்? முதலாளியையோ, யூனியன்காரரையோ?”

அவரில் பிழையில்லை. ஆங்கிலத்தின் ‘police protection’ஐ மொழிபெயர்த்து எழுதும் இந்த ‘பொலிஸ் காவல்’ எத்தனையோ தடவை கண்ணில் பட்டுவிட்டது. இனியும் பேசாமல் இருக்க முடியவில்லை.

விஷயம் இதுதான். கேரளத்தில் சுமை ஏற்றி இறக்கும் வேலை யாருக்கு என்பதில் கடைக்காரருக்கும் சுமட்டுத் தொழிலாளர் சங்கங்களுக்கும் நெடுங்காலப் பிணக்கு. அதற்கெனச் ‘சுமட்டுத் தொழிலாளர் சட்டம், 1978’ என்று தனிச்சட்டமே வந்தது. வேலை செய்யாமல் பார்த்து நின்றதற்குக் கேட்கும் ‘நோக்குகூலி’யை 2018 மே 1 முதல் அரசு தடைசெய்தது. வாசலை மறித்தால் நிறுவனம் இந்திய அரசியலமைப்பின் 226ஆம் உறுப்புரையின்கீழ் எழுத்தாணை, அதாவது அதிகாரிகளுக்கு நீதிமன்றம் இடும் கட்டளை, கேட்டுப் போகும். ஆட்களும் லொறிகளும் தடையின்றிப் போய்வரப் பாதுகாப்புக் கொடுங்கள் என்று நீதிமன்றம் பொலிசாரைப் பணிக்கும். அமைதியாக நடக்கும் வேலைநிறுத்தத்தை உடைப்பதற்கு அல்ல அந்தக் கட்டளை. பிணக்கைத் தீர்ப்பதும் பொலிசாரின் வேலையல்ல.

‘கா’ என்ற வினையடியில் பிறந்தவை காவல், காப்பு, காவலன் எல்லாம். பாதுகாப்பும் அந்தக் குடும்பம்தான். ஆனால் காப்பவர் வெளியாளை மறிக்கிறாரா, உள்ளே இருப்பவரை மறிக்கிறாரா என்பதை அந்த அடி சொல்லாது. 57ஆம் குறளின் ‘சிறைகாக்கும் காப்பு’ அடைத்துவைக்கும் காப்பு. தம்பலகாமத்தில் இரவிரவாகப் பரணில் கண்விழித்து யானை பார்ப்பவர் “காவலுக்குப் போறன்” என்றால் ஒருவருக்கும் மயக்கமில்லை. காக்கப்படுவது நெல் என்று கேட்பவருக்குத் தெரியும். அதே சொல்லுக்கு முன்னால் பொலிஸ் வந்து ஒட்டியதும் பொருள் புரண்டுவிடுகிறது. தமிழ்நாட்டில் ‘போலீஸ் காவல்’ என்றாலே பிடித்து வைத்து விசாரிப்பதுதான். நம்மிடம் விளக்கமறியல் தனிச்சொல்லாக இருந்தாலும், தடுப்புக்காவல் என்ற சொல் எந்த வீட்டுக்குத் தெரியாது?

என் ஆசிரிய நண்பர் ஒருவர் இதை ஒத்துக்கொள்வதில்லை. “பாதுகாப்பு என்ற சொல்லைப் போர் கெடுத்துப்போட்டுது. உயர் பாதுகாப்பு வலயம் எண்டால் சம்பூர்ச் சனத்துக்கு என்ன ஞாபகம் வரும்? சொந்தக் காணிக்குள்ள கால்வைக்க ஏலாமல் நின்றதுதானே” என்பார். அந்த நியாயம் கனமானது. அதைக் கேட்டபின் இரண்டு நாள் யோசித்தேன். ஆனாலும் பாதுகாப்பின் பேரில் காணி போனது. காவலில் பிள்ளைகள் போனார்கள். காவல் என்ற சொல்லைக் கொண்டுவந்து இந்த இடத்தில் வைக்க என் கை வராது. ‘பாதுகாவல்’ என்று நடுவழி காண்பாரும் உண்டு. பாதுகாவலர் என்றால் தாய் தகப்பன் இல்லாத பிள்ளைக்குப் பொறுப்பு நிற்பவர். கம்பனி வாசலுக்கு அது பொருந்தாது. தனித்தமிழ் என்று சொல்லிக் ‘காவல்துறைக் காவல்’ எழுதுவோர் ஒரே சொல்லை இரண்டு தரம் அடுக்குகிறார்கள், மயக்கமும் இரட்டிக்கிறது.

மொழிபெயர்ப்போர் மேல் எனக்குள்ள இன்னொரு மனக்குறை, இந்தியச் செய்தியை அப்படியே இறக்கிவைப்பது. அந்தத் தலைப்பில் ‘உயர் நீதிமன்றம்’ என்று இருக்கிறதே, அது கேரள மாநிலத்தின் நீதிமன்றம். இங்கே உயர் நீதிமன்றம் என்றால் நாட்டின் அதியுயர் நீதிமன்றம், அவர்கள் உச்ச நீதிமன்றம் என்பது. அவர்களுடைய உயர் நீதிமன்றத்தின் ஆங்கிலப் பெயரான ‘High Court’ என்பதற்கு நாம் சொல்வது மேல் நீதிமன்றம். ‘கேரள மாநில’ என்று இரண்டு சொல் சேர்த்திருந்தால் போதும்.

‘பொலிஸ் பாதுகாப்பு’ என்றே எழுதுங்கள். எதற்குப் பாதுகாப்பு என்பதையும் சேர்த்து எழுதுங்கள். ‘லொறிகள் போய்வரப் பொலிஸ் பாதுகாப்பு: கேரள மாநில உயர் நீதிமன்றம் உத்தரவு.’ அண்ணருக்கு இப்படித்தான் விளக்கினேன். “அப்ப வேலைநிறுத்தம் நிக்குது, லொறியும் போகுது, அப்பிடியோ?” என்றார். அப்படித்தான்.