'சிவிக் வெர்ச்யூ'வுக்குத் தமிழ் என்ன?

அரசியல் தத்துவம் படிக்கிறவர்கள் 'சிவிக் வெர்ச்யூ' என்ற தொடரைத் தாண்டிப் போக முடியாது. தமிழில் அதற்கு ஒரே சொல் இன்னும் நிலைக்கவில்லை. குடிமைப் பண்பு என்பார்கள், குடிமை ஒழுக்கம் என்பார்கள், சிலர் பொதுநலப் பண்பு என்றும் எழுதுவார்கள். பொருள் இதுதான்: ஒரு நாட்டின் பொதுவாழ்க்கை கெடாமல் நடக்க, அதன் மக்களிடம் இருக்க வேண்டிய குணம். வரியை ஒழுங்காகக் கட்டுவது, சாட்சி சொல்லக் கூப்பிட்டால் போவது, தனக்கு ஆதாயமில்லாத கூட்டத்திலும் உட்கார்ந்து வாய் திறந்து பேசுவது, தேர்தலில் தோற்றால் ஜெயித்தவரை ஆளவிடுவது, ஆள்கிறவர் அநியாயம் செய்தால் எதிர்த்து நிற்பது எல்லாம் இதில் அடங்கும். கடைசி இரண்டும் ஒன்றோடொன்று முட்டும். இந்தச் சொல்லின் வரலாற்றில் பாதி அந்த முட்டல்தான்.

தென்னாப்பிரிக்காவின் டர்பனில் இருந்துகொண்டு இந்தச் சொல்லைப் பார்ப்பதில் ஒரு வசதி உண்டு. 1860 நவம்பர் 16 அன்று சென்னையிலிருந்து ஒப்பந்தக் கூலிகளை ஏற்றிக்கொண்டு ட்ரூரோ கப்பல் இங்கே வந்து சேர்ந்தது. எல்லா இனத்தவரும் ஓட்டுப் போட்ட முதல் தேர்தல் 1994 ஏப்ரலில்தான் நடந்தது. நடுவே 130 ஆண்டுகளுக்கு மேல் இங்கிருந்த தமிழர்கள் முழுக் குடிமக்களாக எண்ணப்படவே இல்லை. 1961 வரை இந்தியர்களை இந்நாட்டின் நிலையான மக்களாகக்கூட அரசு ஏற்கவில்லை. குடியுரிமை கிடைத்த பிறகுதான் குடிமகனுக்குரிய குணம் வருமா? இந்தக் கேள்வியை இங்கே நடந்தவற்றை வைத்தே கேட்டுப் பார்க்கலாம்.

முதலில் வேர். லத்தீனில் 'விர்' என்றால் ஆண்மகன். அதிலிருந்து வந்த 'விர்ட்டுஸ்' முதலில் போர்க்களத் துணிச்சலைத்தான் குறித்தது. நேராகச் சொன்னால் ஆண்மை. கிரேக்கர்கள் பயன்படுத்திய 'அரெட்டே' வேறு வழியில் வந்தது. ஒரு பொருள் தன் வேலையை நன்றாகச் செய்யும் சிறப்பு அது. குதிரைக்கும் அரெட்டே உண்டு, கத்திக்கும் உண்டு. கிரேக்கத் தத்துவத்தை லத்தீனில் எழுதியவர்கள் அரெட்டேக்கு விர்ட்டுஸ் என்று போட்டார்கள். வீரமும் சிறப்பும் அப்படி ஒரே சொல்லில் கலந்தன. 'சிவிக்' என்பது 'கிவிஸ்' என்ற லத்தீன் சொல்லின் வழி வந்தது. கிவிஸ் என்றால் நகர அரசில் பங்குள்ளவர்.

நம்மிடமும் இதே கலப்பு இருந்திருக்கிறது. புறநானூற்றின் 312ஆம் பாட்டில் பொன்முடியார் கடமைகளை வரிசையாகப் பிரித்துக் கொடுக்கிறார். 'ஈன்று புறந்தருதல் என்தலைக் கடனே, சான்றோன் ஆக்குதல் தந்தைக்குக் கடனே, வேல்வடித்துக் கொடுத்தல் கொல்லற்குக் கடனே, நன்னடை நல்கல் வேந்தற்குக் கடனே.' பிறகு மகன் போருக்குப் போய் யானையை வீழ்த்தித் திரும்ப வேண்டும். அங்கே சான்றோன் என்றால் வீரன். பிற்காலக் குறளில் சான்றாண்மைக்குத் தூண்களாகச் சொல்லப்படுபவை அன்பு, நாண், ஒப்புரவு, கண்ணோட்டம், வாய்மை. வேலும் யானையும் காணாமல் போய்விட்டன. விர்ட்டுஸ் நடந்த தூரத்தை சான்றோனும் நடந்திருக்கிறான்.

அந்தப் பாட்டில் எனக்குப் பிடித்த இடம் இன்னொன்று. 'நன்னடை' என்ற சொல்லுக்குத் 'தண்ணடை' என்று ஒரு பாடமும் உண்டு. தண்ணடை என்றால் மன்னன் மானியமாகத் தரும் மருத நிலம். ஒரு பாடத்தின்படி அரசு தர வேண்டியது நல்லொழுக்கம், இன்னொன்றின்படி வயல். பதிப்பாசிரியர்களுக்கு இது சுவடிச் சிக்கல். ஆனால் மேற்கே குடிமக்களை உருவாக்குவது பற்றிப் பேசியவர்களும் இந்த இரண்டு பக்கமாகத்தான் பிரிந்து நின்றார்கள். சட்டம் இயற்றுகிறவர்கள் மக்களுக்கு நல்ல பழக்கங்களை ஊட்டியே அவர்களை நல்லவர்களாக்குகிறார்கள் என்றார் அரிஸ்டாட்டில். 1656இல் எழுதிய ஆங்கிலேயர் ஜேம்ஸ் ஹாரிங்டனோ நிலம் யாரிடம் இருக்கிறதோ அவரிடமே அதிகாரம் போகும் என்றார். அவர் வழி வந்தவர்களுக்கு, கையில் சொத்து இல்லாதவன் யாருக்கும் தலைவணங்காமல் ஓட்டுப் போட முடியாதவன்.

டர்பன் இருந்த அன்றைய பிரிட்டிஷ் காலனியான நேட்டாலில் இந்த இரண்டு வாதங்களும் எங்கள் தலையில்தான் விழுந்தன. அங்கே ஓட்டுரிமைக்கு முதலில் இருந்தது சொத்துத் தகுதி, அதாவது தண்ணடை. 50 பிரிட்டிஷ் பவுன் மதிப்புள்ள வீடோ நிலமோ உள்ள ஆண் ஓட்டுப் போடலாம். இந்தியர்களில் சிலர் அந்தத் தகுதிக்கு ஏறி வந்ததும் வாதம் நன்னடைக்கு மாறியது. தங்கள் நாட்டில் ஓட்டுப் போட்டுப் பழகாதவர்களுக்கு இங்கே எதற்கு ஓட்டு என்றார்கள். 1894இல் இந்தியர்களின் ஓட்டைப் பறிக்கும் மசோதா வந்தது. மைசூரில் பிரதிநிதிகள் சபை இருக்கிறது, இந்தியக் கிராமங்கள் தங்களைத் தாங்களே ஆண்டு பழகியவை என்று காந்தி மனு எழுதினார். 1896இல் சட்டம் நிறைவேறியது. நாடாளுமன்றத் தேர்தல் முறை இல்லாத நாடுகளிலிருந்து வந்தவர்களுக்கு ஓட்டில்லை என்று பொதுவாக எழுதினார்கள். இந்தியர் என்ற பெயரே சட்டத்தில் வரவில்லை. குடிமைப் பயிற்சி இல்லை என்று சொல்லியே குடியுரிமையை மறுக்கலாம். பயிற்சி தரும் இடமோ அந்தக் குடியுரிமைதான். இந்தச் சொல்லைத் தூக்கிப் பிடிக்கிறவர்கள் இப்படியும் அது பயன்பட்டது என்பதை மறக்கக் கூடாது. அரிஸ்டாட்டிலே கைவேலை செய்கிறவர்களை நல்ல அரசில் குடிமக்களாகச் சேர்க்கத் தயங்கியவர். கரும்பு வெட்டியவர்களை அவர் கணக்கில் எடுத்திருக்கவே மாட்டார்.

அப்புறம் 1913. ஒப்பந்தம் முடிந்தும் ஊர் திரும்பாமல் இங்கேயே தங்கியவர்கள் ஆளுக்கு ஆண்டுக்கு மூன்று பவுன் வரி கட்ட வேண்டும் என்று 1895 முதல் ஒரு சட்டம். ஒப்பந்தக் கூலியின் முதல் ஆண்டுச் சம்பளம் மாதம் பத்து ஷில்லிங். மூன்று பவுன் என்றால் ஆறு மாதச் சம்பளம். இது போதாதென்று 1913 மார்ச்சில் வந்த ஒரு தீர்ப்பு, கிறிஸ்தவ முறைப்படி நடக்காத கல்யாணங்களைச் செல்லாக் கல்யாணங்கள் ஆக்கியது. பக்கத்து மாகாணமான டிரான்ஸ்வாலிலிருந்து கிளம்பிய பெண்கள், அவர்களில் பெரும்பாலோர் தமிழர், எல்லை தாண்டி நேட்டாலின் நியூகாசில் போய் நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளிகளிடம் பேசினார்கள். சுரங்கங்கள் நின்றன. நவம்பர் 6 அன்று 2,037 ஆண்களும் 127 பெண்களும் 57 குழந்தைகளும், அனுமதியில்லாமல் தாண்டிக் கைதாவதற்காக, டிரான்ஸ்வால் எல்லையை நோக்கி நடந்தார்கள். ஆளுக்கு நாளொன்றுக்கு ஒன்றரை ராத்தல் ரொட்டி, கொஞ்சம் சர்க்கரை. அவ்வளவுதான் படி. ஜொகன்னஸ்பர்கில் பிறந்த தில்லையாடி வள்ளியம்மை சிறையிலிருந்து காய்ச்சலோடு வெளியே வந்து 1914 பிப்ரவரி 22 அன்று இறந்தார். வயது 16. அந்த ஆண்டே மூன்று பவுன் வரி போனது, கல்யாணங்களும் செல்லுபடியாயின.

இவர்களை யார் உருவாக்கினார்கள்? அரசு நிச்சயமாக இல்லை. பலருக்குப் பள்ளிக்கூடமும் இல்லை. மொரீஷியஸில் பிறந்த தம்பி நாயுடு ஜொகன்னஸ்பர்கில் தமிழர்களின் உதவிச் சங்கத்துக்குத் தலைவர். பெரிய படிப்பில்லாதவர், அனுபவமே அவருக்கு ஆசான் என்று காந்தி எழுதியிருக்கிறார். பலமுறை சிறைக்குப் போனார். அவர் மனைவி வீரம்மாளும் போனார். பேரன் இந்திரஸ் நாயுடு ராபன் தீவுச் சிறையில் பத்து ஆண்டுகள் இருந்தார். சங்கங்கள்தான் குடிமக்களுக்குப் பெரிய இலவசப் பள்ளிக்கூடங்கள் என்று 1840இல் பிரெஞ்சுச் சிந்தனையாளர் தொக்வில் அமெரிக்காவைப் பார்த்துச் சொன்னது நேட்டாலுக்கு இன்னும் நன்றாகப் பொருந்தும். கோயில் கமிட்டி, பள்ளிக் கமிட்டி, சாவு வீட்டுக்குப் பணம் திரட்டும் சங்கம், கால்பந்து லீக் என்று கணக்கு எழுதவும் கூட்டம் நடத்தவும் தோற்றுப்போகவும் எங்கள் ஆட்கள் கற்றது இவற்றில்தான். இந்தியப் பிள்ளைகளின் பள்ளிகள் பலவற்றை ஊரார் காசு சேர்த்துக் கட்டினார்கள், அரசு உதவித்தொகை பின்னால்தான் வந்தது. கமிட்டிச் சண்டை கோர்ட் வரை போனதும் உண்டு. அதையும் பாடத்திட்டத்தில் சேர்த்துக்கொள்ள வேண்டியதுதான்.

அரிஸ்டாட்டிலிடம் இன்னொரு கேள்வி இருக்கிறது. 'அரசியல்' நூலின் மூன்றாம் பகுதியில் நல்ல மனிதனும் நல்ல குடிமகனும் ஒருவர்தானா என்று கேட்கிறார். இல்லை என்பதே அவர் பதில். நல்ல குடிமகன் என்பவன் அந்தந்த அரசமைப்புக்கு ஏற்றவன், அரசமைப்பு மாறினால் அவன் குணமும் மாறும். கறுப்பின மக்கள் அனுமதிச் சீட்டோடுதான் நடமாட வேண்டும் என்ற பாஸ் சட்டமும், இனத்துக்கு ஒரு பகுதி என்ற குழுப் பகுதிச் சட்டமும் இருந்த நாட்டில் சொன்னபடி நடந்தவனே நல்ல குடிமகன் என்றால், சிறையில் இருந்தவர்கள் நல்ல மனிதர்கள். 1983 அரசமைப்பு இந்தியர்களுக்கென்று தனி அவை ஒன்றைக் கொடுத்தது. கறுப்பின மக்களுக்கு அதில் எதுவும் இல்லை. 1984 ஆகஸ்டில் அந்த அவைக்குத் தேர்தல் நடந்தபோது பதிவு செய்த வாக்காளர்களில் ஏறக்குறைய 20 விழுக்காட்டினர்தான் ஓட்டுப் போட்டார்கள். 90 ஆண்டுகள் கேட்ட ஓட்டு கைக்கு வந்தபோது வேண்டாம் என்று வீட்டில் இருந்தார்கள். என் கணக்கில் அந்த நாள் 1913க்குக் குறைந்ததில்லை. குடியரசின் அறம் சமத்துவத்தின் மேல் உள்ள காதல் என்று 1748இல் பிரெஞ்சுச் சிந்தனையாளர் மொந்தெஸ்கியூ எழுதியதற்கு இதைவிட நல்ல உதாரணம் எனக்குத் தெரியாது. மாக்கியவெல்லியையும் ரூசோவையும் இங்கே விட்டுவிடுகிறேன். முன்னவர் அதே சொல்லைப் பழைய வீரப் பொருளுக்குத் திருப்பிக் கொண்டுபோனார். பின்னவர் மனிதனைச் சுதந்திரமாக இருக்கும்படி கட்டாயப்படுத்தலாம் என்றார், அதைக் கேட்டால் இங்கே யாருக்கும் நடுக்கம்தான் வரும்.

சரி, தமிழுக்கு வருவோம். 'குடி' என்ற சொல் சுத்தமானதாக இல்லை. 'கோல்நோக்கி வாழுங் குடி' என்கிறது குறள். மன்னனின் செங்கோலைப் பார்த்துப் பிழைக்கும் குடி அது. ஆள்வதில் பங்குள்ள குடி அல்ல. குறளில் 'குடிமை' என்றே ஓர் அதிகாரம் உண்டு, 96ஆவது. அது பேசுவது நல்ல குடும்பத்தில் பிறந்ததன் சிறப்பை. அன்பில்லாமல் நடந்தால் பிறப்பையே சந்தேகிப்பார்கள் என்கிறது ஒரு குறள். ஊர்ப்பக்கம் குடிமகன் என்றால் முடிதிருத்துபவர் என்ற பொருளும் இருந்தது. இப்போதைய கேலிப் பொருள் எல்லோருக்கும் தெரியும். இவ்வளவையும் மீறி, குடிமையியல், குடிமைப் பணி என்று புழங்கிப் புழங்கிச் சொல் புதுப்பொருளில் ஊன்றிவிட்டது. அதை விட வேண்டாம். ஆனால் 'குடிமைப் பண்பு' என்று சொல்லும்போது பழைய அதிகாரத்தின் வாடை வருகிறது, பிறப்பிலேயே வந்த குணம் போல. அதனால் நான் 'குடிமை அறம்' என்றே எழுதுவேன்.

அறம் என்றால் கடமை, வெர்ச்யூ என்றால் மனத்தில் ஊறிய இயல்பு, இரண்டும் வேறு என்று ஒருவர் மறுக்கலாம். மறுப்பு நியாயமானதுதான். ஆனால் மனத்தில் மாசில்லாமல் இருப்பதே எல்லா அறமும் என்று சொன்ன மொழியில் அறம் வெறும் கடமைப் பட்டியலாக இருக்க முடியாது. 'ஒப்புரவு' என்று ஒற்றைச் சொல்லிலேயே முடித்துவிடலாம் என்பாரும் உண்டு. ஊருணியில் நீர் நிறைவது போல என்று குறள் சொல்லும் செல்வம் உள்ளவனின் பொதுநலம் அது. அழகான சொல், ஆனால் ஆட்சியை எதிர்த்து நிற்பது அதில் அடங்காது.

இங்கே ஜூலு மொழிச் சொல் ஒன்றையும் பக்கத்தில் வைத்துப் பார்க்க வேண்டும். 'உபுண்டு' என்றால் மனிதத்தன்மை. மனிதர் என்ற வேரோடு தன்மையைக் குறிக்கும் முன்னொட்டு சேர்ந்தது. விர்ட்டுஸ் ஆணிலிருந்து பிறந்தது, உபுண்டு ஆளிலிருந்து பிறந்தது. 1993இன் இடைக்கால அரசமைப்பு பழிவாங்கல் வேண்டாம், உபுண்டு வேண்டும் என்று அந்தச் சொல்லையே எழுதி வைத்தது. குடிமை அறத்துக்கு எல்லை இருக்கிறது, குடிமக்களோடு அது நின்றுவிடும். உபுண்டுவுக்கு அந்த எல்லை இல்லை. 2021 ஜூலைக் கலவரத்தில் இந்தியர்கள் பெரும்பான்மையாக வாழும் டர்பன் ஃபீனிக்ஸில் தெருவுக்குத் தெரு ஆட்கள் காவல் நின்றார்கள். தங்கள் ஊரைக் காப்பதாகத்தான் சொன்னார்கள். அங்கே 30க்கும் மேற்பட்டோர் கொல்லப்பட்டார்கள், பெரும்பாலும் கறுப்பின மக்கள். காந்தி 1904இல் அமைத்த ஃபீனிக்ஸ் குடியிருப்பு பக்கத்தில்தான் இருக்கிறது. இனத்துக்கு ஒரு பேட்டை, இனத்துக்கு ஒரு பள்ளி என்று முந்தைய நிறவெறி அரசும் மக்களை உருவாக்கத்தான் செய்தது. அந்தப் பாடம் சட்டப் புத்தகத்திலிருந்து போன வேகத்தில் மனங்களிலிருந்து போகவில்லை. நம் ஆட்களுக்கு மட்டும் செய்வதை இனப்பற்று என்று சொல்லலாம், குடிமை அறம் என்று சொல்லக் கூடாது.

எழுதுகிறவர்களுக்கு ஒரு குறிப்பு. சிட்டிசன்ஷிப் சட்ட நிலையைக் குறித்தால் குடியுரிமை, வாழும் முறையைக் குறித்தால் குடிமை. சிவிக் எஜுகேஷன் குடிமைக் கல்வி. அதற்காக 'சிவில்' என்று கண்ட இடமெல்லாம் குடிமை என்று போட்டுவிடக் கூடாது. சிவில் வார் உள்நாட்டுப் போர், சிவில் கோர்ட் உரிமையியல் நீதிமன்றம், சிவில் டிஸ்ஒபீடியன்ஸ் சட்டமறுப்பு. 'பாசிவ் ரெசிஸ்டன்ஸ்' பலவீனர்களின் ஆயுதம் போல ஒலிக்கிறது என்று காந்திக்குக் குறை இருந்தது. அதனால் இங்கே 'இந்தியன் ஒப்பினியன்' பத்திரிகையில் புதுப்பெயர் கேட்டுப் போட்டி வைத்தார்கள். மகன்லால் காந்தி அனுப்பிய 'சதாக்கிரகம்' திருத்தம் பெற்று 'சத்தியாக்கிரகம்' ஆனது. அதை மட்டும் மொழிபெயர்க்காமல் அப்படியே எழுதலாம்.