டீகார்பனைசேஷன்: கரி உண்மையில் எங்கே போகிறது?

நாகர்கோவில் பக்கம் பழைய டூ ஸ்ட்ரோக் வண்டி ஓட்டியவர்களுக்கு இந்தச் சொல் புதிதில்லை. சைலன்சரில் கரி அடைத்து வண்டி இழுக்காமல் போனால் மெக்கானிக் கழற்றிச் சுரண்டி 'டீகார்பனைஸ்' செய்து தருவார். இப்போது அதே சொல் 'போர்ட்ஃபோலியோ டீகார்பனைசேஷன்' என்று மியூச்சுவல் ஃபண்ட் பேச்சில் வருகிறது, ஆனால் இங்கே யாரும் எதையும் சுரண்டுவதில்லை.

லத்தீனில் 'கார்போ' என்றால் கரி, நம் சிரட்டைக்கரி மாதிரி சாதாரணக் கரிதான். 1787இல் லவாசியேயும் கூட்டாளிகளும் வேதிப்பொருள்களுக்குப் பெயர் சூட்டியபோது அதிலிருந்து 'கார்போன்' பிறந்தது. முன்னால் ஒட்டிய 'டீ' விலக்குவதைக் குறிக்கும். போர்ட்ஃபோலியோ இத்தாலியச் சொல், தாள்களைச் சுமக்கும் பை. அமைச்சர் கையில் இருந்தால் இலாகா, முதலீட்டாளர் கையில் இருந்தால் முதலீட்டுத் தொகுப்பு.

சரி, தமிழில் என்ன சொல்வது? 'கரிமநீக்கம்' என்று எழுதுகிறார்கள். எனக்கு ஒப்பவில்லை. மண்ணில் கரிமச்சத்து ஏறணும் என்று தொழு உரம் போடுகிற வாழை விவசாயியிடம் போய்க் கரிமத்தை நீக்குவது நல்லது என்றால் அவர் என்ன நினைப்பார்? அதோடு, நீக்கம் என்றால் முழுசாகப் போய்விட்டது என்று அர்த்தம், நடப்பதோ குறைப்பு. 'கார்பன் உமிழ்வுக் குறைப்பு', அதாவது வெளியே விடும் கரியமில வாயுவைக் குறைப்பது, என்பதே பொருந்தும்.

ஆனால் யாருடைய உமிழ்வு? விஷயமே அங்கேதான் இருக்கிறது. கம்பெனியின் ஒரு கோடி ரூபாய் வருமானத்துக்கு எத்தனை டன் உமிழ்வு என்று பார்த்து, அதைத் தொகுப்புப் பணத்தில் எத்தனை சதவீதம் அந்தக் கம்பெனியில் இருக்கிறதோ அதால் பெருக்கிக் கூட்டுவது பரவலான ஒரு கணக்கு. ஒரு பேச்சுக்கு, 20 சதவீதப் பணம் கோடிக்கு 1,000 டன் விடும் நிலக்கரி மின் கம்பெனியிலும், மீதி 80 சதவீதம் கோடிக்கு 5 டன் விடும் மென்பொருள் கம்பெனியிலும் இருக்கிறது என்று வையுங்கள். மொத்தம் 204. நிலக்கரிப் பங்கை விற்று எல்லாவற்றையும் மென்பொருளில் போட்டால் மறுநாளே 5. புகைபோக்கி அதே புகையை விட்டுக்கொண்டுதான் இருக்கும், பங்கை வேறொருவர் வாங்கியிருப்பார், அவ்வளவுதான். இந்தக் கணக்கில் இன்னொரு கூத்து, நிலக்கரிக் கம்பெனி மின்சார விலையை ஏற்றி வருமானம் கூடினாலும் எண் இறங்கும். முப்பந்தல் காத்தாடிக்காரரும் ஏசி அறையில் மென்பொருள் எழுதுகிறவரும் இதில் ஏறக்குறைய ஒன்றுதான், நிலக்கரி மின்சாரத்துக்கு மாற்று தருகிறவர் என்று காற்றாலைக்குத் தனி மதிப்பெண் கிடையாது.

அதனால்தான் 'அலைன்மென்ட்' என்ற இன்னொரு சொல். 2015 பாரிஸ் ஒப்பந்தம் பணம் போகும் திசையே குறைந்த உமிழ்வுப் பாதைக்கு ஒத்துப்போக வேண்டும் என்கிறது. இதற்குக் 'காலநிலை இணக்கம்' நல்ல சொல். ஐரோப்பிய ஒன்றியத்தில் ஒரு பங்குச் சந்தைக் குறியீட்டுக்குப் பாரிஸ் இணக்கக் குறியீடு என்ற பெயர் வேண்டுமானால் அதன் உமிழ்வு அடர்த்தி (பண அளவோடு ஒப்பிட்ட உமிழ்வு) பொதுச் சந்தையைவிடக் குறைந்தது 50 சதவீதம் கீழே தொடங்கி, ஆண்டுக்குச் சராசரியாக 7 சதவீதமாவது இறங்கணும். விற்காமல் பங்கைக் கையில் வைத்துக்கொண்டு, ஆண்டுக் கூட்டத்தில் வாக்குப் போட்டு, கொதிகலனை எப்போது மூடுவீர்கள் என்று நிர்வாகத்தை நெருக்குவதும் இணக்கத்துக்கு ஒரு வழி. அதில் தொகுப்பின் எண் சீக்கிரம் இறங்காது, ஆனால் இறங்கும்போது புகையும் சேர்ந்து இறங்கியிருக்கும்.

ஃபண்ட் அறிக்கையில் 'டீகார்பனைசேஷன்' என்ற சொல்லைப் பார்த்தால் ஏஜென்ட் அண்ணனிடம் ஒன்று கேளுங்கள்: எண் குறைந்தது பங்கை விற்றதாலா, கம்பெனி புகையைக் குறைத்ததாலா?