நாக்கைப் பதனிடும் தேநீர்

ஜொகூர் பாருவில் வேலை பார்க்கும் வாசகர் ஒருவர் கேட்டிருந்தார்: "இங்கே மாமாக் கடையில் தே ஓ குடித்தால் நாக்கு வறண்டு, ஈறெல்லாம் இழுத்துப் பிடித்த மாதிரி இருக்கிறது. அதே கடையில், அதே தூளில் போட்ட தே தாரிக் குடித்தால் அப்படி இல்லை. சர்க்கரை இரண்டிலும் உண்டு. அப்படியானால் பால் என்னதான் செய்கிறது?"

மலேசியா போகாதவர்களுக்காக: தே ஓ என்பது சர்க்கரை மட்டும் போட்ட பால் இல்லாத டீ. தே தாரிக்கில் கண்டென்ஸ்ட் மில்க் கலந்து, ஒரு குவளையிலிருந்து இன்னொன்றுக்கு நீளமாக இழுத்து இழுத்து நுரை வர ஆற்றுவார்கள். மலாயில் 'தாரிக்' என்றால் இழுப்பது. மாமாக் கடைகளை நடத்துபவர்களில் பெரும்பாலானோர் தமிழ் முஸ்லிம் வழிவந்தவர்கள். அதனால் நம்மூர் டீ மாஸ்டரின் ஆற்றலுக்கு இதை ஒன்றுவிட்ட தம்பி என்று சொல்லலாம்.

"பால் டீயின் கடுமையைக் குறைக்கிறது" என்று ஒரே வரியில் பதில் எழுதிவிடலாம்தான். ஆனால் இந்தக் கேள்வியைக் கொஞ்சம் கிளறினால் ஆம்பூர் தோல் ஷெட்டும், வாழைப்பூவும், விஞ்ஞானி ஜி. என். ராமச்சந்திரனும் வெளியே வருகிறார்கள். விட மனசு வரவில்லை.

வாசகர் சொல்லும் அந்த 'இழுத்துப் பிடிப்பது'தான் துவர்ப்பு. நம் அறுசுவைப் பட்டியலில் அதற்கு இடம் உண்டு. இன்றைய உடலியல் பாடத்தில் அடிப்படைச் சுவைகளின் வரிசையில் அது கிடையாது. இனிப்புக்கும் கசப்புக்கும் நாக்கின் சுவை மொட்டுகளில் தனித்தனி உணர்விகள் இருக்கின்றன. துவர்ப்பைப் பெரும்பாலும் ஒரு தொடு உணர்வாகத்தான் ஆய்வாளர்கள் பார்க்கிறார்கள். அதனால்தான் நெல்லிக்காய் கடித்தால் நாக்கோடு கன்னத்தின் உட்புறமும் ஈறும் சேர்ந்து சொரசொரக்கின்றன.

டீயில் துவர்ப்பு எப்படி வந்தது என்பதைச் சீக்கிரமே முடித்துவிடலாம். பச்சைத் தேயிலையில் கேட்டசின் என்ற பாலிஃபீனால்கள் (தாவரங்கள் தயாரிக்கும் ஒரு வகை வேதிப்பொருள்கள்) நிறைய இருக்கின்றன. இலையை நசுக்கியதும் அதன் நொதியும் காற்றிலுள்ள ஆக்சிஜனும் சேர்ந்து அவற்றை ஒன்றோடொன்று கோக்கின்றன. நறுக்கிவைத்த ஆப்பிள் பழுப்பாவதும் இதே வேலைதான். அப்படிக் கோத்ததில் கிடைப்பவை தியாஃபிளேவின், தியாருபிஜின் என்ற பெரிய மூலக்கூறுகள். டீயின் நிறமும் துவர்ப்பும் பெருமளவு இவற்றிடமிருந்தே வருகின்றன. வசதிக்காக இவை எல்லாவற்றையும் இங்கே டானின் என்றே சொல்லிக்கொண்டு போகிறேன்.

இனி எனக்குப் பிடித்த இடம்.

எச்சில் வெறும் தண்ணீர் கிடையாது. அதில் மிதக்கும் புரதங்கள்தான் நாக்குக்கும் மேலண்ணத்துக்கும் நடுவே எண்ணெய் போட்ட மாதிரி வழுவழுப்பைத் தருகின்றன. அவற்றில் ஒரு வகைப் புரதங்களில் புரோலின் என்ற அமினோ அமிலம் ஏராளம். (புரதம் என்பதே அமினோ அமிலங்களைக் கோத்த சங்கிலிதான்.) புரோலின் ஒரு வினோதப் பிறவி. மற்ற அமினோ அமிலங்களின் பக்கக் கிளை வெளியே தொங்கிக்கொண்டிருக்கும். புரோலினில் அந்தக் கிளை வளைந்து வந்து முதுகெலும்புச் சங்கிலியையே பிடித்துக்கொண்டு ஒரு வளையமாகிவிடுகிறது. அந்த இடத்தில் சங்கிலி மற்ற இடங்களைப் போல் வளையாது. புரோலின் நிறைய இருந்தால் புரதம் ஒழுங்காக மடிந்து உருண்டையாகாமல் நீட்டி நெளிந்தே கிடக்கும்.

ஜவுளிக் கடை அலமாரியில் மடித்து அடுக்கிய புடவையில் முள் சிக்காது. கொடியில் காயும் புடவையில் எந்த முள்ளும் சிக்கும். மடிந்த புரதம் அலமாரிப் புடவை என்றால் புரோலின் மிகுந்த புரதம் கொடிப் புடவை. டானின்தான் முள். டானினின் தட்டையான வளையம் புரோலினின் வளையத்தின் மேல் தட்டோடு தட்டாக உட்காருகிறது. பக்கத்திலேயே ஹைட்ரஜன் பிணைப்பும் போட்டுக்கொள்கிறது. பெரிய டானினுக்கு இப்படிப் பல கைகள். ஒரு கையால் ஒரு புரதச் சங்கிலியையும் இன்னொரு கையால் பக்கத்துச் சங்கிலியையும் பிடித்துக் கட்டிவிடும். கட்டுப்பட்ட புரதங்கள் திரளாகச் சேர்ந்து எச்சிலிலிருந்து பிரிந்துவிடுகின்றன. வழுவழுப்பு போய்விட்டது. வாய் முழுக்க டீ இருக்கும்போதே வாய் வறண்டதாகத் தோன்றுவது இதனால்தான்.

டானின் என்ற பெயரே தோல் பதனிடுவதிலிருந்து வந்தது. ஆட்டுத்தோலும் மாட்டுத்தோலும் அழுகாமல் இருக்க, அவற்றிலுள்ள கொலாஜன் புரதச் சங்கிலிகளை ஒன்றோடொன்று கட்டவேண்டும். தமிழ்நாட்டில் அதற்குப் பயன்பட்டது ஆவாரம்பட்டை. கொலாஜனில் ஐந்தில் ஒரு பங்குக்கு மேல் புரோலினும் அதன் மாற்றுருவான ஹைட்ராக்ஸிபுரோலினும்தான். ஆவாரம்பட்டைத் தொட்டியில் தோலுக்கு நடப்பதன் குட்டி வடிவம், தே ஓ குடிக்கையில் உங்கள் எச்சிலுக்கு நடக்கிறது.

சரி, பால்? பாலிலுள்ள புரதத்தில் சுமார் 80 சதவீதம் கேசின். அதில் பீட்டா கேசின் என்ற வகையை எடுத்துக்கொண்டால், மொத்தம் 209 அமினோ அமிலங்களில் 35 புரோலின். ஏறக்குறைய ஆறுக்கு ஒன்று. இதுவும் கொடிப் புடவைதான்! வாய்க்குள் எச்சிலைப் பிடிக்கவேண்டிய டானின், டம்ளரிலேயே கேசினைப் பிடித்துக்கொண்டு கை ஓய்ந்துவிடுகிறது. வாய்க்கு வரும்போது அதில் பெரும்பகுதிக்குக் காலியான கை இல்லை.

கணக்கும் பாலுக்கே சாதகம். ஒரு கோப்பை ஸ்ட்ராங் டீயில் பாலிஃபீனால்கள் சில நூறு மில்லிகிராம்தான். 30 மில்லிலிட்டர் பசும்பாலிலேயே முக்கால் கிராம் அளவுக்குக் கேசின் இருக்கிறது.

டானின் பட்டதும் எச்சில் புரதம் திரளும்போது டீயில் பால் ஏன் திரிவதில்லை? கேசின் தனித்தனியாக அலையாமல் ஆயிரக்கணக்கில் சேர்ந்து, 150 முதல் 200 நானோமீட்டர் குறுக்களவுள்ள பொட்டலங்களாக மிதக்கிறது. மேலே மயிர் போல நீட்டிக்கொண்டிருக்கும் கப்பா கேசின் ஒரு பொட்டலம் மற்றொன்றோடு ஒட்டாமல் தள்ளி நிறுத்துகிறது. டானின் உள்ளே போய் உட்கார்ந்தாலும் பொட்டலம் கலைவதில்லை. எலுமிச்சை பிழிந்தால் மட்டும் அமிலம் அந்தக் காவலை உடைத்துவிடும். லெமன் டீயில் யாரும் பால் ஊற்றாததன் காரணம் இதுதான்.

இந்த விஷயம் நம் சமையலறைக்குப் புதிதில்லை. வாழைப்பூவை நறுக்கியதும் மோரில் போடுகிறோமே, அங்கே மோரின் புளிப்பு பூவைக் கறுக்காமல் காக்கிறது, கேசின் துவர்ப்பை வாங்கிக்கொள்கிறது. என் பாட்டிக்குக் கேசின் தெரியாது. ஆனால் தண்ணீரில் போட்டால் அடி விழும்.

ஆசியாவின் பால் பானங்களை இந்தக் கண்ணோடு பார்த்தால் இன்னொன்றும் புரிகிறது. ஹாங்காங் பால் டீக்கு இலங்கைத் தேயிலைகளைக் கலந்து, கொதிக்கவைத்து, துணிப்பை வழியாகத் திரும்பத் திரும்ப ஊற்றி வடிப்பார்கள். சாயம் ஏறிய அந்தப் பை பெண்களின் காலுறை போல இருப்பதால் 'பட்டுக் காலுறை டீ' என்றே பேர். 2017இல் ஹாங்காங் தன் மரபுச் செல்வங்களின் பட்டியலில் இந்தத் தயாரிப்பு முறையையும் சேர்த்தது. அவ்வளவு கடுமையான டிகாக்ஷனுக்குச் சாதாரணப் பால் போதாது. அவர்கள் ஊற்றுவது தண்ணீரில் சுமார் 60 சதவீதத்தை நீக்கி டின்னில் அடைத்த பால். அதில் கேசின் இரண்டு மடங்குக்கு மேல். வியட்நாம் காபியிலும் இதே மாதிரிதான். குளோரோஜெனிக் அமிலம் என்ற பாலிஃபீனால் தூக்கலாக உள்ள ரொபஸ்டா கொட்டை, அடியில் கனமாகக் கண்டென்ஸ்ட் மில்க். வெயிலில் பால் கெட்டுவிடும் ஊர்களில், கறவை மாடுகளும் குறைவு என்பதால், டின் பால் புகுந்தது. கெயில் போர்டன் கண்டென்ஸ்ட் மில்க்குக்குக் காப்புரிமை வாங்கியது 1856இல். பால் பஞ்சத்துக்கு வந்த டின் பால், டானினுக்கு இவ்வளவு பொருத்தமாக அமைந்தது யாரும் திட்டமிட்டதில்லை.

'டீயில் பால் ஊற்றுவதற்கெல்லாம் ஆராய்ச்சியா' என்று கேட்பவர்களுக்கு ஒரு கதை. 1950களில் சென்னைப் பல்கலைக்கழகத்தில் ஜி. என். ராமச்சந்திரன் கொலாஜனின் அமைப்பைத் தேடிக்கொண்டிருந்தார். பக்கத்தில் அடையாற்றிலிருந்த மத்திய தோல் ஆராய்ச்சி நிலையத்திலிருந்து கங்காரு வாலின் தசைநாண் கிடைத்தது. அதை எக்ஸ்ரேயில் பார்த்து, கோபிநாத் கர்த்தாவுடன் சேர்ந்து 1954இல் கொலாஜன் மூன்று இழை முறுக்கியது என்று எழுதினார். எலும்பு, மூட்டு, தோல் பற்றி இன்று நமக்குத் தெரிந்தவற்றில் பெரும்பகுதி அந்த முறுக்கிலிருந்துதான் தொடங்குகிறது. இன்றைக்கு ஒரு இளம் ஆய்வாளர் கங்காரு வாலுக்கு நிதி கேட்டு விண்ணப்பித்தால், 'சமூகத்துக்கு உடனடிப் பயன்' என்ற கட்டத்தில் என்ன எழுதுவார்? எழுதத் தெரியாததாலேயே எத்தனை பேர் விண்ணப்பத்தைக் கிழித்திருப்பார்களோ.

அப்புறம், 'பால் கலந்த டீ மெல்லக் கொல்லும் விஷம்' என்று குடும்பக் குழுக்களில் சுற்றும் அந்தச் செய்தி. அதன் தூரத்து உறவினர் ஒருவர் உண்மையிலேயே ஆய்விதழில் இருக்கிறார். 2007இல் பெர்லினில் 16 பெண்களை வைத்து நடந்த ஆய்வில், டீ குடித்தால் ரத்தக் குழாய் நன்றாக விரிந்தது, பால் சேர்த்தால் அந்தப் பலன் தெரியவில்லை. வேறு ஆய்வுகளில் பால் சேர்த்தும் கேட்டசின்கள் ரத்தத்தில் ஏறுவது குறையவில்லை. குடலில் கேசின் செரிக்கும்போது டானின் விடுபடும் என்பதால் அதிலும் வியப்பில்லை. 16 பேரில் தெரியாமல் போன ஒரு நன்மையை விஷமாக்கி அனுப்புவதற்குத் தனித் திறமை வேண்டும்.

ஜொகூர் பாரு நண்பருக்குக் கடைசியாக ஒரு வேலை. கேக் கடையில் கிடைக்கும் ஜெலட்டினை வெந்நீரில் கரைத்து, ஆறிய தே ஓவில் கொஞ்சம் விடுங்கள். ஜெலட்டின் என்பது வெந்த கொலாஜன்தான். டீ கலங்குவதைப் பார்க்கலாம். உங்கள் நாக்கில் நடப்பது கண்ணாடி டம்ளரில் தெரியும். அப்படியே பபிள் டீ கடைப் பக்கம் போனால், 'பால் இல்லாத' கிரீமர் பொடிப் பொட்டலத்தின் பின்புறத்தைப் படித்துப் பாருங்கள். பால் கொழுப்புக்குப் பதில் தாவர எண்ணெய், பால் சர்க்கரைக்குப் பதில் குளுக்கோஸ் பாகு என்று வரிசையாக இருக்கும். பல பொட்டலங்களில் அதற்குக் கீழே பொடி எழுத்தில் சோடியம் கேசினேட்.